மூன்று நாள் முன்பே வந்த கடிதம்

தேதி முத்திரையின் சக்கரத்தை
தினமும் காலை ஒன்பதரைக்கு நான்தான் திருப்புகிறேன்.
ஆர்.கே.புரம், நான்காம் பிளாக், இரண்டாம் மாடி.
கூலரில் தண்ணீர் ஊற்ற ஆள் வராத ஜூன்.
நேற்று பதினேழு. இன்று பதினெட்டு.
கட்டைவிரல் நகத்தடியில் எப்போதும் கொஞ்சம் ஊதா.

சான்றிதழ் சேர்க்கக் கடைசி நாள் பதினேழு, மாலை ஐந்து.

ஃபுல்மணி திர்க்கி வந்தது
பதினெட்டு, காலை பத்தேகால்.
கும்லாவிலிருந்து ராஞ்சி, அங்கிருந்து முன்பதிவில்லாப் பெட்டி,
கழிவறைக் கதவோரம்,
கான்பூருக்கு இந்தப் பக்கம் ஒன்பது மணி நேரம் படுத்துவிட்ட வண்டி.
துப்பட்டா மடிப்பில் சாதிச் சான்றிதழ்.
அவள் கேட்டது ஏப்ரல் இருபத்தெட்டு.
அவர்கள் கொடுத்தது ஜூன் பதினாறு.
'மேடம்ஜி, ஒரு நாள்தானே.'

ஒரு நாள்தான்.
சக்கரத்தில் அது ஒரு டக்.

அவள் அழவில்லை. அழுதிருந்தால் சுலபம்,
தண்ணீர் கொடுத்து அனுப்பியிருப்பேன்.
ரயில் சீட்டை எடுத்து என் மேசைமேல் நீவி வைத்தாள்
அதுவும் இணைக்க வேண்டிய ஆவணம் என்பதுபோல்.

பக்கத்து மேசை பன்சால் தலை தூக்காமல் சொன்னார்:
'மார்ச்சில் நான்கு நாள் நீட்டினார்களே,
நிர்வாகக் காரணங்களுக்காக.'
காரணத்துக்கு ஒரு மாமா இருந்தார்.
நிர்வாகத்தில்.

காத்திருப்போர் பட்டியலை எடுத்துப் பார்த்தேன்.
இதே பிரிவு, முதல் பெயர்: விமலேஷ் மீனா, கரௌலி.
மே முப்பதிலேயே எல்லாம் சேர்த்துவிட்டாள்,
ஓரத்தில் துளையிட்டு, பச்சை நூல் கோத்து.
அவள் ஊர் வட்டாட்சியர் ஆறே நாளில் கையெழுத்திட்டிருக்கிறார்.
அதற்கும் மதிப்பெண் உண்டா?
ஃபுல்மணிக்கு என் எதிரில் ஒரு முகம் இருக்கிறது,
அதில் இரண்டு ராத்திரிப் புழுதி இருக்கிறது.
விமலேஷுக்கு இருப்பது வரிசை எண்.
வரிசை எண்ணைப் பார்த்து
யாருக்கு மனசு இளகும்?

போன வாரம், ஓய்வூதியத் தாள்களுக்காக,
என் பணிப்பதிவேட்டைக் கேட்டு வாங்கினேன்.
முப்பத்து மூன்று வருஷம் யாரும் அவிழ்க்காத கட்டு.
அடியில் என் பட்டச் சான்றிதழ் வந்த உறை,
துருப்பிடித்த குண்டூசியோடு.
ஆம்பூர் தபால் முத்திரை: ஒன்பது.
இந்த அலுவலகத்தின் முத்திரை: ஆறு.
கடைசி நாள் ஏழு.
தபாலில் போடுவதற்கு மூன்று நாள் முன்பே
வந்து சேர்ந்திருக்கிறேன்.

யாருடைய கட்டைவிரலோ.
பிள்ளைகளின் படிப்பு, துவாரகா வீட்டுக் கடன்,
என் முழங்கால் ஆபரேஷன்,
எல்லாம் அந்தச் சில டக்குகளில்.
அவரைத் தெரியாது, கும்பிடவோ திட்டவோ.
பட்டியலில் எனக்கு அடுத்து நின்றவரையும் தெரியாது.
எங்கேயாவது நன்றாக இருக்கலாம்.
இருக்கலாம் என்று சொல்லிக்கொள்வது எனக்கு வசதி.

பதினெட்டு என்றே குத்தினேன்.
பிறகு குறிப்பு எழுதினேன், இரண்டு பக்கம்:
தாமதம் இவளுடையதல்ல, ஓர் அரசு மேசையுடையது,
நாற்பத்தொன்பது நாள்.
தளர்த்துவதென்றால் இப்படித் தாமதமான எல்லோருக்கும்,
காரணம் எழுதி, பலகையில் ஒட்டி.
விமலேஷ் மீனாவுக்கும் ஒரு நகல்.
மார்ச் ஆணையின் எண்ணையும் சேர்த்தேன்.
பன்சால் எட்டிப் படித்துவிட்டு,
'ரிடையராக நான்கு மாசம்தானே உனக்கு' என்றார்.

என் உறையைப் பற்றி எழுதவில்லை.

நான்கு மணிக்குக் கோப்பு திரும்பியது.
என் இரண்டு பக்கத்துக்கும் கீழே
பச்சை மையில் ஒரே சொல்: பேசவும்.
பேசவும் என்றால் இங்கே
இனி எழுதாதே என்று பொருள்.

வராந்தா பெஞ்சில் ஃபுல்மணி
சமோசா சுற்றி வந்த தாளை விரித்துப் படித்துக்கொண்டிருந்தாள்.
முத்திரையை இழுப்பறையில் வைத்துப் பூட்டினேன்.
சாவியைக் கையோடு எடுத்துக்கொண்டு
மூன்றாம் மாடிக்குப் படியேறினேன்.