எண்பது சதவீத வேகம்

பிஷ்கெக்கில் எங்கள் தையல் கூடம் தரைக்குக் கீழே.
ஒரே ஹெட்போன். இடது காது எனக்கு,
வலது காது பெர்மெட்டுக்கு.
நடுவில் தொங்கும் ஒயரில் நூல் பிசிறு.

மிஷின் நிமிடத்துக்கு நாலாயிரம் குத்து குத்துகிறது.
பாட்டோ காலில் ஈரச் சேறு அப்பினாற்போல் நடக்கிறது.
எண்பது சதவீத வேகமாம்.
மூன்றரை நிமிடப் பாட்டு
நாலு நிமிடம் இருபத்திரண்டு நொடி ஓடுகிறது.
மிச்சம் வந்த ஐம்பத்திரண்டு நொடி
யாருடையது என்று நான் கேட்கவில்லை.

சளி பிடித்த ஆண் குரல்.
"எல்தோஸ் போனில் இப்படித்தான் பேசுவான்,
தூங்கி எழுந்தவுடன்."
அவன் யெகதெரின்பர்க்கில், கிடங்கு வேலையில்.
மார்ச்சுக்குப் பிறகு போனும் இல்லை.

எதிரொலி எப்படிச் சேர்க்கிறார்கள் என்று எனக்குத் தெரியாது.
அவர்கள் வாடகை வீட்டைக் காலி செய்த அன்று
சோபாவின் ஒரு பக்கம் நான்தான் பிடித்தேன்.
கம்பளம், அலமாரி, திரைச்சீலை
எல்லாம் இறக்கிவிட்டு மேலே போய்
"விளக்கை அணைச்சாச்சா?" என்றேன்.
அணைச்சாச்சா, சாச்சா, என்றது சுவர்.
பாட்டுக்கும் அதையேதான் செய்திருக்கிறார்கள்.
சாமான்களை வெளியே எடுத்துவிட்டு
ஒரு ஆளை மட்டும் உள்ளே பேச விட்டிருக்கிறார்கள்.

நவம்பரில் என் தம்பிக்குக் கல்யாணம்.
ஸ்பீக்கரில் திடீரென்று அந்தப் பாட்டு,
பிறந்த வேகத்தில்.
பாடியது ஒரு பெண்!
இருபது வயதுகூட இருக்காது.
மூச்சு வாங்கும் இடத்தில் சிரிக்கிறாள்.
அழுகை எங்காவது இருக்கிறதா
என்று தேடித்தான் கேட்டேன். இல்லை.

பெர்மெட் கையிலிருந்த தட்டைக் கீழே வைத்தாள்.
தெருவில் யாரையோ பெயர் சொல்லிக் கூப்பிட்டு
திரும்பியவர் வேறு ஆளாய் இருந்தால் வருமே ஒரு முகம்,
அந்த முகம்.

ஆனாலும் ஆடப் போனாள்.
எல்லோர் காலும் இறங்கிய பிறகு
அவள் கால் இறங்கியது.
தாளம் அவளை விட்டுவிட்டுப் போய்க்கொண்டே இருந்தது.
என் அத்தை மகள்கள் சிரித்தார்கள்,
குடித்திருக்கிறாள் என்று நினைத்து.
பாட்டு முடிந்தது. கைதட்டினார்கள்.
அவளுக்கு இன்னும்
ஐம்பத்திரண்டு நொடி பாக்கி இருந்தது.

நான் எழுந்து போய் எதிரில் நின்றேன்.
அடுத்த பாட்டு எங்களைச் சுற்றிக்கொண்டு ஓட
நாங்கள் பழைய பாட்டின் மிச்சத்தை ஆடினோம்.
இரண்டு தடவை என் ஷூவை மிதித்தாள்.
இரண்டாவது தடவை காலை எடுக்கவில்லை.