அனுமதி: இல்லை

எஸ்.என். செட்டி தெருவில் ஜெராக்ஸ் கடை என்னுடையது.
கரன்ட் போன ஒரு மத்தியானம் தனகோட்டி வந்தான்.
காசிமேட்டில் ஐஸ் உடைக்கும் மெஷினில் வேலை.
வலது கட்டைவிரல் பாதிதான்,
மிச்சத்தை மெஷின் வைத்துக்கொண்டது, போன ஐப்பசியில்.

"இத்தப் பாருக்கா" என்று போனை நீட்டினான்.
கம்பெனி முதலாளிக்கு அவன் அனுப்பியது:
தூணு வார மணம் மாக்கி.
கீழே பதில்:
எந்தக் கோயில் தூணுடா? யாருக்கு மணம்?
கூடவே, சிரித்துச் சிரித்து அழும் மூன்று மஞ்சள் மூஞ்சி.

பேசி அனுப்பலாமே என்றேன்.
"அனுப்னேன்க்கா. காத்துல ஒண்ணும் கேக்கலன்றான்.
எய்தினா அப்டியே நிக்கும்ல."
எழுதுவதும் எய்வதும்
எங்கள் பக்கம் ஒரே சொல்.

அந்த விசைப்பலகை நான் ஏற்றிக் கொடுத்ததுதான்.
தனி முதலாளி கிடையாது அதற்கு.
யாரும் மூடியைக் கழற்றி உள்ளே பார்க்கலாம்,
ஸ்க்ரூவைத் தொலைக்காமல் திரும்ப மாட்டினால் சரி.
இரண்டு வருஷமாக ராத்திரியில்
நானும் அங்கே சின்னச் சின்ன ஒட்டடை அடிக்கிறேன்.

க, அதற்கடுத்து ப, அப்புறம் ம, அப்புறம் த.
யாரோ நன்றாகக் கணக்குப் போட்டு அடுக்கியது,
பத்து விரலும் முழுசாக உள்ளவர் கணக்கு.
வலப்பக்கமிருந்து வரும் குட்டை விரல்
ப-வைத் தொடப் போய் ம-வில் விழுகிறது,
ம-வைத் தேடித் த-வில்.
ஒரு அரிசி அகலம்தான்.
அதற்குள் மூன்று வாரக் கூலி விழுந்துவிட்டது.

கொருக்குப்பேட்டை கேட் மூடிக் கிடந்தது அன்றைக்கு.
ஆயில் வண்டி போய்க்கொண்டே இருந்தது.
ஷேர் ஆட்டோவில் மடிமேல் லேப்டாப், பக்கத்தில்
கருவாட்டுக் கூடையோடு ஒரு அம்மா எட்டிப் பார்த்து
"இன்னா பாப்பா, எறும்பு மாரி" என்றார்.
எழுத்துகள் இருந்த இடத்திலேயே இருக்கட்டும் என்று எழுதினேன்.
கண்ணுக்குத் தெரியாத வேலியை மட்டும் நகர்த்து,
பட்டா மாற்றாமல்.
விரல் எங்கே விழுகிறது, எதை அழித்து எதைத் திருத்துகிறது,
அதைப் பார்த்துப் பார்த்து நகர்த்து.

பனி பெய்யும் ஏதோ ஊரிலிருந்து ஒருவர் கேட்டார்:
இது யாருக்குத் தேவை?
ஐஸ் மெஷின், கட்டைவிரல், என்று இரண்டே சொல் போட்டேன்.
இரண்டு நாள் சத்தமில்லை.
பிறகு: பதினெட்டாம் வரியில் ஒரு இடைவெளி அதிகம்.
எடுத்துவிட்டேன்.
சேர்த்துக்கொண்டார்கள்.

புதுசை ஏற்றிக் கொடுத்தபோது தனகோட்டி
சட்டென்று எடுக்கவில்லை.
"நான் எய்தறது உனக்குத் தெரியுமாக்கா?"
அமைப்புகளைத் திறந்து காட்டினேன்.
இணையம். அனுமதி: இல்லை.
மைக். அனுமதி: இல்லை.
"செவுடா இது?"
ஊமை. உன் பழக்கத்தைக் கத்துக்கும், வெளிய சொல்லாது.
தலையாட்டிவிட்டு, தெருவைப் பார்த்துத் திரும்பி நின்று
வெகுநேரம் தட்டினான்.

சனிக்கிழமை முதலாளியே வந்தார், ஆதார் நகல் எடுக்க.
"நீதான் அவனுக்கு எய்திக் குடுத்தியாம்மா?"
இல்லை.
"இன்னா எய்திருக்கான் தெரியுமா?"
தெரியாது என்றேன். நிஜமாகவே தெரியாது.
போனைக் கண்ணாடிமேல் குப்புறக் கவிழ்த்துவைத்தார்,
சில்லறை வாங்க மறந்து போனார்.

பணம் வந்ததா என்று நான் கேட்கவில்லை.
அடுத்த வாரம் தனகோட்டி இன்னொரு புகாரோடு வந்தான்:
"யக்கா, அந்த 'ய' எங்க இருக்குது?"
காட்டினேன்.
"இத்து இல்லக்கா. இன்னொண்ணு.
மயையில வர்றது. வாயப்பயத்துல வர்றது."

கடைசி வரிசை, வலது ஓரம் என்றேன்,
உன் விரலுக்குப் பக்கத்துலதான் இருக்கு.