வெற்று லோரியின் எடை

பாகாவ் செம்பனை ஆலை வாசலில்
எடைமேடைக் கூண்டுக்குள் உட்கார்ந்திருக்கும் கிராணி
நான்தான்.
புதிதாக வரும் லோரிக்காரர்கள்
முதலில் ஹக்காவில் ஆரம்பிப்பார்கள்,
அப்புறம் மலாயில்.
அப்புறம் என் சட்டையில் குத்திய அட்டையை
எழுத்துக்கூட்டிப் படித்துவிட்டு
வாயை மூடிக்கொள்வார்கள்:
பச்சையம்மாள் த/பெ குப்பண்ணன்.

"எஞ்சின அணைங்க. எறங்கி நில்லுங்க.
ஒங்க எடையையும் சேத்துப் போட்டா
என் சம்பளத்துல பிடிப்பானுங்க."

புலி வருசத்துப் பிள்ளை நான்.
புலிப்பெண் வீட்டையே தின்றுவிடும் என்று
எவனோ ஒரு சோசியன் சொல்லப்போய்
மீன்கூடைச் சைக்கிளில் ஏற்றி
மூன்றாம் கட்டை லயத்துக்குக் கொண்டுவந்தார்களாம்.
பால்வாளியை அப்போதுதான் இறக்கிய எல்லம்மா
கைகூடக் கழுவாமல் என்னை வாங்கியிருக்கிறாள்.
ரப்பர்ப் பாலின் புளித்த வாடைதான்
எனக்கு அம்மா வாசம்.
புலி யாரையும் தின்னவில்லை.
லயத்துச் சுவரின் சுண்ணாம்பைத்தான்
சுரண்டிச் சுரண்டித் தின்றது.

தமிழ்ப்பள்ளியில் 'சீனத்தி'
சும்மா இருக்கும்போது பட்டப்பெயர்,
சண்டை வந்தால் வசவு,
கணக்குப் பரீட்சைக்கு முந்தின நாள் மட்டும்
மரியாதை.
கணக்கில் நான் பெயில்.
அதை யாரும் மன்னிக்கவில்லை.

போன பங்குனி உத்திரத்துக்குப் பால்குடம் எடுத்தேன்,
எல்லம்மா நேர்ந்துவிட்டுக்
கட்டாமல் போன கடன்.
தார்ரோடு காலைச் சுட்டது.
முகத்தில் தெரிந்தது அதுதான்.
எவனோ படமெடுத்துப் போட்டான்:
'மெய்சிலிர்க்க வைக்கும் சீன பக்தை!'
நாற்பதாயிரம் பேர் கைகூப்பினார்கள்.
பக்கத்தில் நடந்த ராஜகுமாரியைப்
படத்தில் பாதியோடு வெட்டியிருந்தார்கள்.
அவளுக்கும்தான் கால் சுட்டது.

அடுத்த வெள்ளிக்கிழமை
கோயில் தலைவர் பொன்னாடையோடு வந்து
"உங்களை வரவேற்கிறோம்" என்றார்.
ஐம்பது வருசமாக
இந்த வாசலில் ஆடிக்கூழ் வாங்கிக் குடித்தவளை.
நான் எங்கே போயிருந்தேன், வரவேற்க?
பொன்னாடையை மடித்து ராஜகுமாரி மகனிடம் கொடுத்தேன்.
மோட்டார் சைக்கிள் துடைக்க நல்ல துணி.

அந்தப் படத்தைப் பார்த்துத்தான்
சிரம்பானிலிருந்து அவள் வந்தாள்,
என் மூக்கை முகத்தில் வைத்துக்கொண்டு.
கோப்பிக்கடையில் எதிரெதிரே உட்கார்ந்தோம்.
இருவரிடமும் இருந்தது
பொத்தல் விழுந்த மலாய்தான்.
நாலுநம்பர்ச் சீட்டின் பின்பக்கம்
மூன்று எழுத்து வரைந்து நீட்டினாள்.
எனக்கு வைக்க நினைத்து
வைக்காமல் விட்ட பெயராம்.
சொல்லிக் காட்டினாள். சொல்லிப் பார்த்தேன்.
ராகம் தப்பிவிட்டது போல, சிரித்தாள்.
என் சிரிப்பு
எதிர் நாற்காலியிலிருந்து வந்தது.

இனி இதை வைத்துக்கொள் என்றாள்.
"எனக்குப் பேர் இருக்குக்கா."
இந்த ஒன்றை மட்டும் தமிழில் சொன்னேன்.
தலையாட்டினாள்.
புரிந்திருக்கலாம். இல்லாமலும் இருக்கலாம்.
கோப்பிக்குக் காசு அவள்தான் கொடுத்தாள்.

அந்தச் சீட்டை எறியவில்லை.
சாமி மாடத்திலும் வைக்கவில்லை.
எடைச்சீட்டுக் கட்டுக்குள் செருகியிருக்கிறது,
தேடினால் கிடைக்கும்.

காயோடு வரும்போது ஒரு எடை,
கொட்டிவிட்டுப் போகும்போது ஒரு எடை.
கழித்து வருவதற்குத்தான் காசு.
வெற்று லோரி எவ்வளவு என்று
ஒருத்தனும் கேட்டதில்லை.
ஆனாலும் இரண்டாம் வரியில் எழுதுகிறேன்,
ஒரு கிலோ கூட்டாமல், குறைக்காமல்.

நேற்று ராத்திரி ஷிப்ட் முடிகிற நேரம்,
யாருமில்லை,
நானே மேடையில் ஏறி நின்றேன்.
நாற்பது டன் நிறுக்கிற யந்திரம்.
என்னைப் போன்றவர்களுக்கு
இருபது இருபதாகத்தான் நகரும்.
வெளிப்பலகையில் சிவப்பாக எரிந்தது: அறுபது.
மழை பெய்து ஓய்ந்திருந்தது.
தேங்கிய தண்ணீரும் கணக்கில் ஏறியிருக்கலாம்.
இறங்க மனம் வரவில்லை.

பின்னால் ஒருத்தன் ஹோன் அடித்தான்.
ஹக்காவில் ஏதோ கத்தினான்.

"வர்றேன், வர்றேன்.
மொதல்ல எஞ்சின அணை."