பச்சை நூல்

காரைக்குடி பழைய பஸ் ஸ்டாண்டில்
ஒரு ஆளை நிறுத்தி
சட்டையைக் கழற்றித் தருவீர்களா என்று கேட்டேன்.
இருபத்திரண்டு வருஷத்தில்
எத்தனையோ பேரிடம் கேட்டாயிற்று:
பொன்னானியில் மீன் ஏலம் விடுகிறவர்,
தொடுபுழையில் ஒரு போலிக் கைரேகைக்காரர்.
அடி விழுந்ததில்லை. ஒருமுறை தவிர.

சாத்தையா. எலக்ட்ரீஷியன்.
"எதுக்குக்கா?"
"மலையாளப் படம். லாட்ஜ் கணக்கர் ஒருத்தர்.
எழுபத்தெட்டாவது சீன்ல சாகிறார்."
யார் நடிக்கிறார் என்றான். சொன்னேன்.
நான் நீட்டிய புதுச் சட்டையின் விலைச் சீட்டைப் பார்த்துவிட்டு
தூணுக்குப் பின்னால் போய் மாற்றிக்கொண்டு வந்தான்.

சாம்பல் கட்டம். திருப்பித் தைத்த காலர்.
பையில் டெஸ்டர் குத்திக் குத்தி ஒரு துளை.
நாலாவது பொத்தான் மட்டும் பச்சை நூலில்.
இதையெல்லாம் எனக்குத் தைக்கத் தெரியும்,
யோசிக்கத் தெரியாது.

ஒரு சாவுக்கு மூன்று சட்டை வேண்டும்.
டைரக்டர் மனசு மாறிக்கொண்டே இருப்பார்.
கானாடுகாத்தானில் வாடகைக்கு எடுத்த வீட்டின் இரண்டாம் கட்டில்
இரண்டு ராத்திரி
தேயிலைத் தண்ணீர், உப்புத்தாள், சவக்காரம்.
அதே துளை, அதே பச்சை.
வீட்டு மானேஜர் வந்து வந்து சொல்லிவிட்டுப் போனார்:
ரத்தம் தரையில் படக்கூடாது.

படம் சுமாராக ஓடியது.
டைட்டிலில் என் பெயர்
சாப்பாடு போட்டவருக்கு அடுத்து, ஒரு எழுத்துப் பிழையோடு.
விருதுக் குழுவில் ஒருவர் கேட்டாராம்,
"இதில் உடையலங்காரம் எங்கே இருக்கிறது?
எல்லாரும் அவரவர் துணியைத்தானே போட்டிருக்கிறார்கள்?"
அளவு நோட்டில் எழுதி வைத்திருக்கிறேன் அந்த வரியை.
திட்டா பாராட்டா,
நாளுக்கு ஒரு மாதிரி படுகிறது.

பங்குனியில் சாத்தையா கூப்பிட்டான்.
"படம் பாத்தோம்க்கா.
வள்ளிக்கண்ணு பாதியிலயே எந்திரிச்சுப் போயிட்டா.
அந்தப் பொத்தான் அவ தச்சது.
சட்டை திரும்பக் கிடைக்குமா?
புதுசக் குடுத்துடறேன், ரெண்டு தடவதான் போட்டேன்."

கொச்சி கோடவுன், பதினாலாம் பெட்டி.
மூன்றையும் விரித்தேன்.
வெளிச்சத்தில் பிடித்தேன், மோந்து பார்த்தேன்.
மூன்றிலும் சர்க்கரைப்பாகு ரத்தம்.
எது அவனுடையது?
எனக்கே தெரியவில்லை.

மூன்றையும் பார்சலில் போட்டேன்.

பத்தே நாளில் இரண்டு திரும்பி வந்தன,
துவைத்து, இஸ்திரி போட்டு,
நாலாவது பொத்தானின் நூலை மட்டும்
வெட்டி எடுத்து.