மூன்றாம் எண் கூண்டு

நாலாம் அங்கத்தில் அந்தச் சீமாட்டி
கதவைத் திறந்து "புயல்" என்கிறாள்.
அவ்வளவுதான்.
மேடையில் ஓர் இலை பறக்கவில்லை.
கூரையில்லாத கொட்டகை, பிற்பகல் மூன்று மணி,
கொட்டை உடைத்துத் தின்றுகொண்டிருந்த கூட்டம்
சொன்ன மாத்திரத்தில் நனைந்ததாம்.
"இங்கே புயல் என்பது புயலல்ல, அவள் மனசு"
என்றார் ரெஜினா மேடம்.
பத்து மதிப்பெண் கேள்வி.

வண்ணாரப்பேட்டை வகுப்பறையில்
ஃபேன் சுற்றாத மூலையிலிருந்து எழுந்தேன்.
"எங்கண்ணன் நாலு நாளா கடல்ல இருக்கான் மேடம்,
புயல்னா எனக்குப் புயல்தான்."
எல்லோரும் சிரித்தார்கள். நானும்தான்.

சாயங்காலம் காசிமேட்டில்
ஐஸ் உடைக்கிற மெஷின் நின்றிருந்தது.
துறைமுகக் கம்பத்தில் மூன்றாம் எண் கூண்டு.
வானத்தில் ஒரு கறையில்லை,
தரையில் கிடந்த பாலிதீன் பைகூட அசையவில்லை.
இருந்தும் தேசப்பன் மாமா ஃபைபர் போட்டை
இன்னும் மேலே இழுத்துக் கட்டினார்.
சங்கரா பாதி விலைக்குப் போனது.
வாய்கூட இல்லாத ஒரு கறுப்புக் கூடை,
அதற்கு இத்தனை பேர் பயந்தார்கள்.

கருங்கல் மேல் உட்கார்ந்து
புத்தகத்தை மறுபடி பிரித்தேன்.
அவள் கதவைத் திறக்கும் வரியில்
செதில் ஒன்று ஒட்டியிருந்தது,
என் விரலிலிருந்து போனதுதான்.
கூண்டை ஏற்றுவதோடு அவள் வேலை முடிகிறது மேடம்,
நனைவது பார்க்கிறவர் பாடு
என்று பரீட்சையில் எழுதினால்
எத்தனை போடுவீர்கள்?

அண்ணன் நம்பர்
தொடர்பு எல்லைக்கு வெளியே.
மூன்றாவது தடவையும்
அதே பெண்குரல்,
ஈரமே இல்லாமல்.