பல்லுக்குப் பல்

வேலை முடிந்து திரும்பியபோது மணி ஒன்பதரை.
சிகாகோ முழுக்க முழங்காலளவு பனி.
காலையில் ஒன்றேகால் மணி நேரம்
மண்வெட்டியோடு மல்லாடி
என் காருக்காக நான் தோண்டிய இடத்தில்
வேறொரு கார், நீல நிறம்,
ஒன்றும் அறியாத பிள்ளை மாதிரி.

இந்த ஊரில் எழுதாத சட்டம் ஒன்று உண்டு:
பனியை அள்ளியவருக்கே இடம்.
நடுவில் ஒரு நாற்காலியைப் போட்டுவிட்டுப் போனால்
மறுபேச்சில்லை.
சமையலறையில் இருந்த ஒரே நாற்காலியைப்
போட்டுவிட்டுத்தான் போயிருந்தேன்.
காணோம்.

மூன்று தெரு தள்ளி நிறுத்திவிட்டு
வழுக்கி வழுக்கி நடந்தேன்.
வழியெல்லாம் ஒரே பெயரை மென்றேன்.
ரிமாஸ். மேல்வீட்டு ரிமாஸ்.
குப்பைத்தொட்டிச் சண்டைக்குப் பிறகு
மாடிப்படியில் என்னைக் கண்டால்
சுவரைப் பார்க்கிறவன்.

வீட்டில் நேற்றைய ரொட்டி ஒன்று கிடந்தது.
மேசையில் தட்டினால்
யாரோ கதவைத் தட்டுகிற சத்தம்.
வெண்ணெய் கல்.
கிண்ணத்தை ரேடியேட்டர் மேல் வைத்தேன்;
கோட்டைக் கழற்றுவதற்குள் இளகிவிட்டது.
எனக்குத்தான் நேரமாகும்.

பூண்டை எடுத்தேன்.
கத்தியைப் படுக்கவைத்து
உள்ளங்கையால் ஓங்கி ஒரு குத்து:
இது நாற்காலிக்கு.
இன்னொன்று: இது நீலக் காருக்கு.
நான்கு பல் போதும் என்பார்கள்.
பதினொன்று நசுக்கினேன்.
கண்ணுக்குக் கண், பல்லுக்குப் பல் என்று
ஞாயிற்றுக்கிழமைகளில் வாசித்தபோது
பூண்டின் ஞாபகம் வந்ததில்லை.

உப்பு ஒரு சிட்டிகை.
பார்ஸ்லி இருந்ததாக நினைப்பு;
ஃப்ரிட்ஜின் அடியில் பழுப்பு நூலாகிக் கிடந்தது.
விட்டுவிட்டேன்.
ரொட்டியை நீளவாக்கில் பிளந்து
விளிம்பு வரை தடவினேன்
(விளிம்பை விட்டுவிடுகிறவர்களை நான் நம்புவதில்லை).
அடுப்பின் மேல்கம்பி சிவந்ததும் உள்ளே தள்ளினேன்.
இரண்டு நிமிடம். அவ்வளவுதான் வேலை.
அந்த இரண்டு நிமிடமும்
பக்கத்திலேயே நிற்க வேண்டும்.

நான் ஜன்னலுக்குப் போனேன்.
நீலக் காரின் கண்ணாடியில் ஒட்டிவைக்க
ஒரு வாக்கியம் யோசித்தேன்.
நல்ல வாக்கியம். நீளமான வாக்கியம்.
முற்றுப்புள்ளிக்கு முன்
கூரையில் புகைமணி அலறியது.

ஐந்தடிக்கு ஒரு விரற்கடை குறைவு நான்.
எம்பினேன். துடைப்பக்கட்டையால் குத்தினேன்.
ஏறி நிற்க வேண்டிய பொருளோ
தெருவில் தொலைந்த பொருள்.

தட்டுகிற சத்தம்.
ரொட்டியல்ல, கதவேதான்.
பனியனோடு ரிமாஸ்,
கையில் என் நாற்காலி.
பச்சை பிளாஸ்டிக், ஒரு காலில் டேப் சுற்றியது, அதே.
எதுவும் பேசாமல் நடுவீட்டில் போட்டு
ஏறி
மணியைத் திருகிக் கழற்றினான்.
சத்தம் போன இடத்தில்
மணம் வந்து நின்றது.

"பனிவாரி வண்டி நசுக்கப் பார்த்தது.
எடுத்து வைத்தேன்."
"கொடுத்திருக்கலாமே?"
"நீ பேச மாட்டாயே."
"அந்த நீலக் கார்?"
"யாருக்குத் தெரியும். நானே
நான்கு தெரு தள்ளி நிறுத்தியிருக்கிறேன்."

கருகலைக் கத்தியால் சுரண்டினேன்.
சிங்க் முழுக்கக் கரித்தூள்;
ரொட்டியில் அடியிலிருந்து பொன்னிறம்
அங்கங்கே எட்டிப்பார்த்தது.
ஒரு துண்டைக் கடித்தான்.
நெடுநேரம் மென்றான்.

"லிதுவேனியாவில் கருப்பு ரொட்டி," என்றான்.
"எண்ணெயில் பொரித்துச் சூட்டோடு
பச்சைப் பூண்டைத் தேய்ப்போம்.
ரொட்டியின் சொரசொரப்பே துருவிவிடும்.
இதற்கு வெண்ணெய் எதற்கென்று
எனக்கு விளங்கவே இல்லை,"
சொல்லிக்கொண்டே
மூன்றாவது துண்டுக்குக் கை நீட்டினான்.

அடுப்பு மேடையில் சாய்ந்து
நின்றபடியே தின்றோம்.
நீ உட்கார் என்று அவன் சொல்லவில்லை,
நானும் சொல்லவில்லை.
வெளியே மறுபடி பனி விழத் தொடங்கியிருந்தது.
நடுவில் அந்த நாற்காலி,
யாரோ தோண்டிவைத்த இடத்தைக்
காத்துக்கொண்டிருந்தது.