இருபத்து மூன்று திருகாணிகள்

ஜூலைக் காற்றுக்கு அம்மியும் பறக்கும்.
கின்சாவோ தீவில் அம்மி கிடையாது,
தகரக் கூரைதான்.
வடக்கு மூலைத் தகடு இரவே எழுந்துவிட்டது.
எழுந்து, உட்கார்ந்து, மறுபடி எழுந்து,
தூக்கம் வராத என் மாமனார் மாதிரி.

இப்போது அதன்மேல் கொழுந்தன் குமெர்சிந்தோ
குப்புறப் படுத்திருக்கிறான்.
தொண்ணூற்றிரண்டு கிலோ.
இன்றைக்குத்தான் அந்த எடை
குடும்பத்துக்கு உதவுகிறது.
ஏழு திருகாணி இறங்கியதும் டிரில் முனகி நின்றது.
மீதி இருபத்து மூன்று
அவன் நெஞ்சுக்கும் தகரத்துக்கும் நடுவே, சட்டைப் பையில்.

"சார்ஜ் ஏறுதா, எடுவினா?"

ஏறவில்லை.
அடுப்படி மேசையில் சார்ஜர்
சிவப்புக் கண்ணைச் சிமிட்டிக்கொண்டிருக்கிறது,
ரகசியம் தெரிந்தும் சொல்லாத பக்கத்து வீட்டுக்காரியைப் போல.
புதிது வாங்கக் காஸ்த்ரோ போக வேண்டும்.
படகுத்துறையை நேற்றே மூடிவிட்டார்கள்.
கையேடு ஒன்று இருந்தது.
போன மாதம் அதை வைத்துத்தான் அடுப்பு மூட்டினேன்.

முதலில் பிளக்கைப் பிடுங்கிச் செருகினேன்.
அதே துளையில் மேசை விளக்கைச் செருகினேன், எரிந்தது.
மின்சாரத்தின் மேல் குற்றமில்லை.
மறுபடி பிடுங்கிவிட்டு சார்ஜரின் வாய்க்குள் பார்த்தேன்:
மூன்று உலோக நாக்குகள்.
இரண்டு தடித்தவை. நடுவிலுள்ள மெலிந்தது
எதற்கென்று அப்போது தெரியாது.
மூன்றிலும் பச்சைக் களிம்பு.
பகலெல்லாம் சிப்பிக் கயிறு இழுக்கிற கை என்னுடையது,
உப்பு கதவைத் தட்டாமல் கூடவே வீட்டுக்குள் வரும்.
மகனுடைய ரப்பரால் தேய்த்தேன்.
அவன் கணக்குத் தப்பையெல்லாம் அழித்துத் தேய்ந்த ரப்பர்.
நாக்குகள் பளபளத்தன.
செருகினேன்.
சிமிட்டியது.

பேட்டரியில் மீட்டரை வைத்தேன்: பதினாறு வோல்ட்.
செத்தது இப்படிப் பேசாது.

"எடுவினா! கை மரத்துப்போச்சு!"
"கையாலயா படுத்திருக்கே?"
கெட்ட வார்த்தை ஒன்று
புகைபோக்கி வழியாக இறங்கி வந்தது.

சார்ஜரைத் தட்டினேன்,
சால்மன் படகில் இருக்கும் என் வீட்டுக்காரர்
டிவியைத் தட்டுவாரே, அப்படி:
வலது பக்கம், மேலே, இரண்டு தடவை.
டிவிக்கும் அது பலித்ததில்லை.
ஆத்திரத்தில் கவிழ்த்துப் போட்டேன்.

அடிவயிற்றில் ஒரு ஸ்டிக்கர்.
சிமிட்டும் விளக்கு, பக்கத்தில் ஒரு குட்டித் தெர்மாமீட்டர்,
அதற்கும் பக்கத்தில் கடிகாரம்.
எழுத்தே இல்லை. அடுப்புக்குத் தப்பிய கையேடு.

பேட்டரியைக் கன்னத்தில் வைத்துப் பார்த்தேன்.
சுட்டது.

கூரையிலிருந்து இறங்கியபோது நனைந்திருந்ததே, பாவம் என்று
விறகடுப்பின் ஓரத்தில் காயவைத்தவள் நான்தான்.
காய்ச்சல்காரனுக்குச் சோறு ஊட்டினால்
வாயை இறுக்கிக்கொள்வான் இல்லையா?
நடு நாக்கு அதைத்தான்
இவ்வளவு நேரமும் சொல்லிக்கொண்டிருந்தது.
நானோ அந்த நாக்கைத் தேய்த்துக்கொண்டிருந்தேன்.

பின்கதவைத் திறந்து, சாரல் படாத இடமாக,
உருளைக்கிழங்கு மூட்டைமேல் வைத்தேன்.
பதினைந்து நிமிடம்.
அந்தப் பதினைந்து நிமிடமும்
மேலே இருந்தவனுக்கு என்ன பதில் சொன்னேன் என்பது
இங்கே வேண்டாம்.

செருகினேன்.
சிவப்பு, சிமிட்டாமல் நின்றது.

ஒரு கட்டம் ஏறியதுமே பிடுங்கிக்கொண்டு ஏணியில் ஏறினேன்.
ஒன்பது திருகாணி இறங்கின, பிறகு மறுபடி முனகல்.
பதினான்குக்குப் பதிலாகக் கயிறும்
இரண்டு நங்கூரக் கல்லும்.
பிடித்தது. இன்றைக்குப் பிடித்தது.

சட்டை மாற்றும்போது பார்த்தேன்:
அவன் நெஞ்சில் தகரத்தின் நெளிவு
வரிவரியாகப் பதிந்திருந்தது,
ஓரத்தில் திருகாணித் தலைகள், வட்டவட்டமாக.

"என்னதான் கோளாறு?"
"உப்பு," என்றேன்.
தலையாட்டினான். இந்தத் தீவில்
அதற்குமேல் யாரும் கேட்பதில்லை.
ரப்பர் மேசையிலேயே கிடந்தது, பச்சைக் கறையோடு,
எனக்காகப் பொய்ச்சாட்சி சொல்ல.